குளத்தங்கரையும் மலையடிவாரமும்: நெல்லைப் பறவைகள் பற்றி அண்ணாச்சியிடம் கேளுங்கள்

நெல்லைச் சீமையில் பறவை பார்க்கிறவர்கள் அனுப்பிய கேள்விகளுக்கு இங்கே பதில் சொல்கிறேன். ஒரே மாதிரி வந்தவற்றை ஒன்றாகச் சேர்த்துவிட்டேன். மங்கலான படத்தை அனுப்பி "இது என்ன?" என்று மட்டும் கேட்டவர்கள் கொஞ்சம் பொறுங்கள்; எனக்கே இன்னும் தெரியவில்லை.

கூந்தன்குளத்துக்கு எந்த மாசம் போகணும் அண்ணாச்சி? போன ஆகஸ்டில் குடும்பத்தோடு போய் வெறும் குளத்தைப் பார்த்துவிட்டு வந்தோம். (பாளையங்கோட்டை)

ஆகஸ்டில் போனால் வெறும் குளம்தான். அந்தக் குளத்துக்கு வடகிழக்குப் பருவமழையும் மணிமுத்தாறு கால்வாய்த் தண்ணீரும்தான் கதி. ஐப்பசி, கார்த்திகையில் தண்ணீர் வந்து சேர்ந்த பிறகுதான் பறவைகள் வரத் தொடங்கும். வடக்கேயிருந்து வருகிற வாத்துகளையும் வரித்தலை வாத்தையும் பார்க்க டிசம்பர், ஜனவரி நல்லது. கூடும் குஞ்சும் பார்க்க மார்ச், ஏப்ரல். ஒரே ஒரு தடவைதான் போக முடியும் என்றால் பிப்ரவரியில் போங்கள், இரண்டும் கொஞ்சம் கொஞ்சம் கிடைக்கும்.

நெல்லையிலிருந்து சுமார் 35 கிலோமீட்டர், மூலைக்கரைப்பட்டி வழியாகப் போகலாம். காலை ஆறரைக்கு அங்கே நிற்கிற மாதிரி கிளம்புங்கள். குளத்தை மட்டும் பார்த்துவிட்டுத் திரும்பிவிடாதீர்கள். ஊருக்குள் வீட்டுக் கொல்லை மரங்களிலேயே மஞ்சள் மூக்கு நாரை கூடு கட்டும். மஞ்சள் அலகு, ஆரஞ்சு முகம், வால் பக்கம் ரோஸ் பூசின மாதிரி இறகு. தப்பாகச் சொல்லவே முடியாது. வெயில் ஏறினால் தாய் நாரை சிறகை விரித்துக் குஞ்சுக்கு நிழல் கொடுப்பதையும், தண்ணீரைத் தொண்டையில் கொண்டுவந்து குஞ்சின் மேல் கக்குவதையும் பார்க்கலாம்.

1994இல் அரசு இதைச் சரணாலயம் ஆக்கியது, பிறகு உலக முக்கியத்துவம் வாய்ந்த ஈரநிலங்களின் ராம்சர் பட்டியலிலும் சேர்ந்தது. ஆனால் அதற்கெல்லாம் முன்பிருந்தே பறவைக்குக் காவல் அந்த ஊர்க்காரர்கள்தான். எச்சம் ஊறின குளத்து வண்டலை அள்ளி வயலுக்குப் போடுவார்கள். எச்ச நாற்றத்தையும் விடியற்காலைச் சத்தத்தையும் வருஷா வருஷம் பொறுத்துக்கொள்கிறவர்கள் அவர்கள். அவர்கள் வாசலில் நின்று மூக்கைப் பொத்திக்கொண்டு செல்ஃபி எடுக்காதீர்கள்.

வரித்தலை வாத்து பகலில் பெரும்பாலும் தண்ணீர் ஓரத்தில் தூங்கிக்கொண்டிருக்கும். இரவில்தான் அறுப்பு முடிந்த வயல்களில் மேயப் போகும். இமயமலையைத் தாண்டி வருகிற பறவை, தூங்கட்டும்.

எங்கள் ஊர்க் குளம் கன்னடியன் கால்வாய்ப் பாசனம். போன வருஷம் அரைக்குளம்தான், நிறைய நாரை வந்தது. இந்த வருஷம் மறுகால் பாயுது, ஒரு நாரைகூட இல்லை. தண்ணீர் இருந்தும் ஏன் வரவில்லை? (பத்தமடை)

தண்ணீர் கூடிப்போனதுதான் காரணம். இந்த மஞ்சள் மூக்கு நாரை கண்ணால் பார்த்து மீன் பிடிப்பதில்லை. அலகைப் பாதி திறந்து தண்ணீருக்குள் விட்டு, இப்படியும் அப்படியும் துழாவிக்கொண்டே நடக்கும். மீன் அலகில் பட்டால் டக்கென்று மூடிக்கொள்ளும். இதற்கு ஒரு சாண் தண்ணீர் இருந்தால் போதும். மறுகால் பாய்கிற குளத்தில் அதற்குக் கால் ஊன்ற இடமில்லை.

ஆனால் குளம் காலியாக இல்லை, நன்றாகப் பாருங்கள். நிறைந்த தண்ணீருக்கு என்றே ஒரு கூட்டம் உண்டு: முக்குளிப்பான், நாமக்கோழி, நீர்க்காகம், கழுத்தை மட்டும் வெளியே நீட்டி நீந்துகிற பாம்புத்தாரா, சில வருஷம் கூழைக்கடா. பிசான நெல் சாகுபடிக்கு மடை திறந்து தண்ணீர் இறங்க இறங்க ஆட்கள் மாறுவார்கள். அல்லி இலை மேல் இலைக்கோழி நடக்கும், சம்பம்புல் பக்கம் நீலத் தாழைக்கோழி வரும், ஊசிவால் வாத்தும் நீலச்சிறகியும் ஓரத்துக்கு நெருங்கும். இன்னும் வற்றினால் நாரை, கரண்டிவாயன், அரிவாள் மூக்கன். கடைசியில் சேறு தெரிகிறபோது உள்ளான், பவளக்காலி, உப்புக்கொத்தி. பறவைப் பட்டியலைவிட மடையில் தண்ணீர் எவ்வளவு நிற்கிறது என்று பார்ப்பதுதான் முதல் பாடம். மாசியில் போய்ப் பாருங்கள், உங்கள் நாரை நிற்கும்.

இதோடு சேர்த்து ஒன்று. தூர்வாருகிறோம் என்று ஜேசிபியை இறக்கிக் குளத்தை ஒரே ஆழமாக வெட்டி, ஓரத்தைச் சுவர் மாதிரி செங்குத்தாக விட்டுவிடுகிறார்கள். தண்ணீர் கொள்ளும், சரி. ஆனால் அந்த ஒரு சாண் ஆழமுள்ள சரிவு எந்த மாசமும் கிடைக்காமல் போய்விடும். அள்ளுகிறபோது ஒரு பக்கமாவது சரிவாக விடச் சொல்லி ஊர்க்கூட்டத்தில் பேசுங்கள். செலவு ஒன்றும் அதிகமாகாது.

வெள்ளைக் கொக்கு எல்லாமே ஒன்றுபோல இருக்கே, எப்படிப் பிரிப்பது? (முக்கூடல்)

நாலு கொக்குகளைப் பிரித்தால் போதும். முதலில் காலைப் பாருங்கள். கால் கறுப்பு, பாதம் மட்டும் மஞ்சள், அலகும் கறுப்பு என்றால் சின்னக் கொக்கு. சேற்றில் நின்றால் பாதம் தெரியாது, பறக்கிறவரை காத்திருங்கள்.

மாட்டுக்குப் பக்கத்திலோ உழவு டிராக்டர் பின்னாலோ போனால் உண்ணிக்கொக்கு. குட்டைக் கழுத்து, குட்டை மஞ்சள் அலகு. இனப்பெருக்கக் காலத்தில் தலையிலும் கழுத்திலும் மஞ்சள் கலந்த காவி ஏறும். அப்போது யாரும் குழம்ப மாட்டார்கள்.

தகராறு பெரிய கொக்குக்கும் நடுத்தரக் கொக்குக்கும்தான். உயரத்தை நம்பாதீர்கள், தனியாக நின்றால் எல்லாமே பெரிசாகத்தான் தெரியும். வாய்க்கோட்டைப் பாருங்கள். அலகு பிளவுபடுகிற கோடு கண்ணைத் தாண்டிப் பின்னால் போனால் பெரிய கொக்கு, கண்ணுக்குக் கீழேயே நின்றுவிட்டால் நடுத்தரக் கொக்கு. பெரிய கொக்கின் கழுத்து நடுவில் ஒடிந்து ஒட்டவைத்த மாதிரி ஒரு மடிப்பு இருக்கும். அலகு நிறத்தை வைத்து முடிவு பண்ண வேண்டாம். இரண்டுக்கும் இனப்பெருக்கக் காலத்தில் மஞ்சள் அலகு கறுத்துவிடும்.

உட்கார்ந்தால் மண் நிறம், பறந்தால் வெள்ளை என்றால் அது மடையான். அதைப் பற்றி மட்டும் நிறையப் பேர் கேட்டிருந்தீர்கள்.

குளத்துக்குள் இருக்கிற கருவேல மரங்களை வெட்டணும் என்று ஒரு பக்கம், கூடாது என்று ஒரு பக்கம் சண்டை. நீங்கள் யார் பக்கம்? (நாங்குநேரி)

எந்தக் கருவேலம் என்று முதலில் பாருங்கள். மஞ்சள் உருண்டைப் பூ, மணி கோத்த மாதிரி இடையிடையே ஒடுங்கின காய் என்றால் நாட்டுக் கருவேலம். பூ நீளமாகப் பூனைவால் மாதிரியும், காய் மஞ்சளாக நீண்டும் இருந்தால் சீமைக்கருவேலம். நாட்டுக் கருவேலம் மாசக்கணக்கில் தண்ணீரில் நின்றாலும் தாங்கும். வனத்துறை சமூகக் காடு வளர்ப்பில் குளங்களுக்குள் நட்டதும் பெரும்பாலும் அதைத்தான்.

நாரையும் கொக்கும் நீர்க்காகமும் தண்ணீருக்குள் நிற்கிற மரத்தை விரும்புவதற்குக் காரணம் உண்டு. சுற்றித் தண்ணீர் இருந்தால் பூனை, கீரி, நாய் எதுவும் மரத்துக்கு வராது. அதற்குச் சீமையா நாட்டா என்ற பேதமெல்லாம் கிடையாது.

என் கருத்து இது: கரையிலும் வரத்துக் காலிலும் மண்டிக் கிடக்கிற சீமையைத் தாராளமாக எடுங்கள். நடுக்குளத்தில் கூடு இருக்கிற மரம் எதுவானாலும் குஞ்சு பறக்கிறவரை கோடாரி போகக் கூடாது. அதற்குப் பிறகும் முதலில் நாட்டு மரம் நட்டு, அது தலை தூக்கின பின்னால் சீமையை எடுங்கள். மரத்தை ஏலம் எடுத்தவர் அவசரப்படுவார். அவருக்குக் கரி முக்கியம்.

சாயங்காலம் ஆனால் ஆயிரக்கணக்கில் குருவி வானத்தில் புகைபோலச் சுழன்று சுழன்று வருது. அது என்ன, பயிருக்குக் கேடா? (ராஜவல்லிபுரம்)

சூறைக்குருவி. சோளக்குருவி என்றும் சொல்வார்கள். பெரிசு ரோஸ் உடம்பும் கறுப்புத் தலையுமாக இருக்கும். இளசு மண் நிறம், அலகு மஞ்சள். மத்திய ஆசியாவில் குஞ்சு பொரித்துவிட்டு ஆகஸ்ட் கடைசியில் வரத் தொடங்கி, ஏப்ரலில் திரும்பும். நம்மிடம் கூடு கட்டாது, ராத்தங்கல் மட்டும்தான்.

சுழல்வதற்கு முக்கியக் காரணம் அதைப் பிடிக்க வருகிற ராஜாளியும் வைரியும். கூட்டமாகத் திரும்பித் திரும்பிப் பறந்தால் ஒன்றைக் குறிவைப்பது கஷ்டம். சோளம், கம்பு முற்றியிருந்தால் தின்னும், மறுக்கவில்லை. ஆனால் வெட்டுக்கிளியையும் புழுவையும் அதைவிட ஆசையாகத் தின்னும். நெல் வயலுக்குப் பயப்படத் தேவையில்லை.

அக்டோபரில் மழை நாள் காலையில் பச்சை, நீலம், சிவப்பு என்று பல நிறத்தில் வாலே இல்லாத மாதிரி ஒரு குருவி வராந்தாவில் விழுந்து கிடந்தது. கிளி என்று நினைத்துக் கூண்டில் வைத்தோம். (தென்காசி)

அது ஆறுமணிக்குருவி. முதுகு பச்சை, வயிற்றடி சிவப்பு, கண்ணில் மை தீட்டின மாதிரி கறுப்புப் பட்டை. இமயமலை அடிவாரத்திலும் மத்திய இந்தியாவிலும் இனப்பெருக்கம் செய்துவிட்டு, இரவில் பறந்து நம் பக்கம் வரும். வந்து சேர்கிற வாரங்களில் களைப்பில் விழும், அல்லது ஜன்னல் கண்ணாடியில் மோதும். நம் மாவட்டங்களில் வருஷா வருஷம் நடக்கிறது.

இனி விழுந்தால் செய்ய வேண்டியது: காற்றுத் துளை போட்ட அட்டைப்பெட்டியில் துணி விரித்து வைத்து மூடுங்கள். இருட்டும் அமைதியும்தான் அதற்கு மருந்து. வாயில் தண்ணீர் ஊற்றாதீர்கள், மூச்சுக்குழாயில் போய்ச் செத்துவிடும். சோறு, பழம் எதுவும் வேண்டாம். இரண்டு மூன்று மணி நேரத்தில் தெளிந்துவிட்டால் பூனை இல்லாத தோட்டத்தில், புதர் ஓரமாக விட்டுவிடுங்கள். சிறகு தொங்கினால் வனத்துறைக்குச் சொல்லுங்கள். கூண்டில் வைப்பது 1972ஆம் வருஷ வன உயிரினச் சட்டப்படி குற்றம். தெரியாமல் செய்தது சரி, இன்றே விட்டுவிடுங்கள்.

இருவாச்சி பார்க்க எங்கே போகணும்? (சென்னை, சொந்த ஊர் அம்பை)

சொந்த ஊரிலேயே வைத்துக்கொண்டு சென்னையிலிருந்து கேட்கிறீர்கள்! முண்டந்துறை, காரையார் பக்கத்து ஆற்றோரக் காட்டில் மலபார் சாம்பல் இருவாச்சிக்கு நல்ல வாய்ப்பு உண்டு. அலகின் மேல் கொண்டை இருக்காது, கரகரவென்று சிரிக்கிற மாதிரி கத்தும். பெரிய இருவாச்சிக்கு மேலே மழைக்காடு வேண்டும், அதிர்ஷ்டமும் வேண்டும். பறந்தால் சிறகுச் சத்தம் காற்று இரைவது போல முதலில் காதுக்கு வரும், அப்புறம்தான் கண்ணுக்கு. அத்திமரம் பழுத்திருந்தால் அங்கே உட்காருங்கள். நாலு இடம் சுற்றுவதைவிட அது மேல்.

பிப்ரவரி, மார்ச்சில் பெண் பறவை மரப்பொந்துக்குள் போய் வாசலை அடைத்துக்கொண்டிருக்கும். ஆண் மட்டும்தான் இரை கொண்டுவந்து கொடுக்கும். அந்த ஆணை நாம் பயமுறுத்தி விரட்டினால் உள்ளே இருப்பதெல்லாம் பட்டினி. பொந்து தெரிந்தாலும் யாருக்கும் சொல்லாதீர்கள்.

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். எல்லாரும் இருவாச்சி, இருவாச்சி என்கிறார்கள். அசம்பு சிரிப்பான் என்று ஒரு பறவை, செங்கோட்டைக் கணவாய்க்குத் தெற்கே உள்ள மலைகளில் தவிர உலகத்தில் வேறெங்கும் கிடையாது. அதைக் கேட்டு ஒரு கேள்விகூட வரவில்லை. களக்காடு முண்டந்துறை 1988இல் தமிழ்நாட்டின் முதல் புலிகள் காப்பகமாக ஆனது. புலிக்காகக் காத்த காட்டில் இதுவும் பிழைத்துக் கிடக்கிறது. எங்கெங்கே அனுமதி என்பது அடிக்கடி மாறும், அம்பையில் வனத்துறை அலுவலகத்தில் கேட்டுவிட்டு மேலே ஏறுங்கள். போனில் பறவைக் குரலைப் போட்டு அழைக்கிற பழக்கம் இருந்தால் தயவுசெய்து வராதீர்கள்.

கோபுரத்திலிருந்து கூகை வந்து எங்கள் மாடியில் உட்காருது. வீட்டுக்கு ஆகாது என்கிறார் மாமியார். (திருநெல்வேலி டவுன்)

ஆகாதது எலிக்குத்தான். மாமியாரிடம் காலையில் மாடியில் கூகை கக்கிப்போட்டிருக்கிற உருண்டையை எடுத்துப் பிரித்துக் காட்டுங்கள், உள்ளே எலி முடியும் எலும்புமாக இருக்கும். அதற்கப்புறமும் சம்மதிக்கவில்லை என்றால் நான் பொறுப்பில்லை அக்கா.

பைனாகுலர் 8க்கு 42ஆ, 10க்கு 50ஆ?

8க்கு 42. முதல் எண் எத்தனை மடங்கு பெரிசாகக் காட்டும் என்பது, இரண்டாவது முன் லென்ஸின் அகலம், மில்லிமீட்டரில். பத்து மடங்கில் கை நடுக்கமும் பத்து மடங்கு. காட்டுக்குள் இருட்டிலும் எட்டுதான் வசதி. அகலமான குளத்தில் தூரத்து வாத்தைப் பார்க்க எதுவுமே போதாது, அதற்கு முக்காலியோடு ஸ்கோப் வேண்டும்.

பள்ளிப் பிள்ளைகளைப் பக்கத்திலேயே கூட்டிப்போக இடம் சொல்லுங்கள். வெறும் வேடிக்கையாக இல்லாமல் ஏதாவது செய்யவும் வேண்டும். (வீரவநல்லூர், ஆசிரியை)

டீச்சர், உங்களுக்குத் திருப்புடைமருதூர்தான். தாமிரபரணியோடு கடனா நதி சேருகிற இடம், நாறும்பூநாதர் கோயிலைச் சுற்றிப் பெரிய மருத மரங்கள், மரம் நிறையக் கொக்கும் நாரையும் பழந்தின்னி வௌவாலும். ஊர்க்காரர்கள் ஒத்துழைப்போடு 2005இல் நாட்டின் முதல் பாதுகாப்புக் காப்பகமாக (கன்சர்வேஷன் ரிசர்வ்) அறிவித்தது இந்தச் சின்ன இடத்தைத்தான். மரத்துக்கு நேர் கீழே நிறுத்தாதீர்கள், சீருடை பாழாகும்.

செய்ய வேண்டியதற்குப் பொங்கல் லீவில் நடக்கிற பொங்கல் பறவைக் கணக்கெடுப்பு இருக்கிறது. பதினைந்து நிமிஷம் ஒரே இடத்தில் நின்று, பார்த்த பறவையை எண்ணி ஈபேர்டு என்கிற இணையதளத்தில் ஏற்றினால் போதும். காக்காயும் மைனாவும் கணக்குத்தான். 2011 முதல் ஜனவரியில் தாமிரபரணிப் பாசனக் குளங்களில் நீர்ப்பறவைக் கணக்கெடுப்பும் நடக்கிறது. பெரிய வகுப்புப் பிள்ளைகளை அதில் சேர்க்கலாம். நாலு பேருக்கு ஒரு நோட்டு, ஒரு பைனாகுலர், ஒருத்தர் எழுத மற்ற மூவர் பார்க்கட்டும். எழுதுகிற ஆளை அரை மணிக்கு ஒரு தடவை மாற்றிவிடுங்கள், இல்லாவிட்டால் அந்தப் பிள்ளை ஒன்றுமே பார்க்காது.