பங்குனி ஆமை பாதி மணல்லயே திரும்பிப் போகுதா? வெளிச்சத்தைப் பாருங்க

கடலூர் பக்கம் தாழங்குடா கடற்கரையில, பங்குனி ஆமை (ஆலிவ் ரிட்லி கடலாமை) முட்டை போட வர்றதை ராத்திரியில படம் எடுக்கப் போனா, அது பாதியிலேயே திரும்பிடுதுன்னு கேட்டிருந்தீங்க. சிவப்பு விளக்கா இருந்தாலும், ஆமை முட்டை போட ஆரம்பிக்கிற வரைக்கும் எரிய விடாதீங்க. மூணு ராத்திரியும் அது பாதி மணல் ஏறித் திரும்பினதுக்கு வெளிச்சமும் ஆள் நடமாட்டமும்தான் காரணமா இருக்கும். குழி தோண்டி முடிக்கிற வரைக்கும் ரொம்ப மிரளும். முட்டை விழ ஆரம்பிச்சதும் ஓரளவு அடங்கிடும். அப்போ பின்பக்கமா, மணலோட படுத்து, மங்கின சிவப்புல எடுக்கலாம்.

கேமராவே காட்டிக் கொடுக்கும். இருட்டுல நண்பர் ஒருத்தரை அதை இயக்கச் சொல்லிட்டு, நீங்க அலையோரம் போய்க் குனிஞ்சு பாருங்க. திரை வெளிச்சம் அவர் முகத்துல அடிக்கும், ஃபோகஸுக்கு உதவுற குட்டி விளக்கு மின்னும். மெனுவில அணைச்சிடுங்க, மீதிக்குக் கறுப்பு டேப்.

மீனவர்களுக்குப் போட்டுக் காட்டத்தானே எடுக்குறீங்க, தாய் ஆமை கிடைக்கலைன்னா படம் நின்னுடாது. விடியற்காலை சாய்வெளிச்சத்துல, டிராக்டர் டயர் போன மாதிரி அதோட தடம் அவ்வளவு அழகா விழும். இழுவலையில மாட்டின ஆமை மூச்சு விட மேலே வர முடியாம சாகுதுங்கறதை, வலை இழுக்குற ஒருத்தரையே சொல்ல வைங்க. நம்ம பின்னணிக் குரல்ல சொன்னா எடுபடாது.

ஆனா ஒண்ணு: இது 1972 வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தோட முதல் அட்டவணையில, அதாவது அதிகபட்சப் பாதுகாப்பு உள்ள பட்டியல்ல இருக்குற உயிர். வனத்துறைகிட்ட எழுத்துல அனுமதி வாங்கிட்டுப் போங்க. குஞ்சு கடலுக்குப் போறப்போ எந்த லைட்டும் கூடாது, வெளிச்சம் பார்த்துத் திசை மாறிடும். முட்டைக் குழி இருக்குற இடம் அடையாளம் தெரியுற காட்சியையும் வெளியிட வேணாம்.