காலுக்கு எழுதிய பாட்டு

அன்புள்ள எழுத்தாளருக்கு,

நான் டாலஸ் பக்கம் வசிக்கிறேன். போன மாதம் அலுவலக விருந்தில் பில்லி ரே சைரஸின் 'ஏக்கி பிரேக்கி ஹார்ட்' பாட்டைப் போட்டார்கள். அதுவரை தட்டும் கையுமாக ஓரத்தில் நின்றவர்கள்கூட வரிசை கட்டி ஆடினார்கள். நானும்தான். மறுநாள் தேடிப் பார்த்தால், மோசமான பாடல்களின் பட்டியலில் அது இருக்கிறது. இத்தனை பேரை ஆடவைத்த பாட்டு எப்படி மோசமான பாட்டாகும்? கண்ட்ரி என்கிற அமெரிக்க நாட்டுப்புறப் பாணி இசையில் பழைய பாடல்களை ரசிப்பவர் என்பதால் உங்களிடம் கேட்கிறேன்.

ஆர்.

அன்புள்ள ஆர்.,

நல்ல ஆளிடம் கேட்டீர்கள்! அந்தப் பாட்டைப் பல வருடம் திட்டித் தீர்த்தவர்களில் நானும் ஒருவன்.

மனம் மாறியது கிதாரால். கற்றுக்கொள்ள ஆரம்பித்த புதிதில் ஏ, ஈ என்று இரண்டே கார்டுகள்தான் (பல சுரங்களைச் சேர்த்து ஒரே நேரத்தில் ஒலிக்கும் பிடிகள்) எனக்குப் பிடிக்க வந்தன. முழுதாக வாசிக்க முடிந்த ஒரே பாட்டு இதுதான், ஏனென்றால் இதில் இருப்பதே அந்த இரண்டு கார்டுகள். ஏயில் கொஞ்ச நேரம், ஈயில் கொஞ்ச நேரம், மறுபடி ஏ. வாசிக்கிறவனுக்குச் சலிப்பு. ஆனால் வாசித்தபடியே கீழே பார்த்தால் என் கால் தானாகத் தட்டிக்கொண்டிருந்தது.

நீங்கள் வரிசை கட்டி ஆடினீர்களே, அந்த லைன் டான்ஸுக்கு வேண்டியது அதுதானே. ஜோடி வேண்டாம், கூச்சம் வேண்டாம். நம்மூர் ஒயிலாட்டம் மாதிரி வரிசையில் நின்றால் போதும். எண்ணி அடிவைத்து, திரும்பி, வேறு சுவரைப் பார்த்து மறுபடி முதலிலிருந்து. மெட்டு திடீரென்று எங்காவது வளைந்தால் புதிதாக ஆடுகிறவர் தடுமாறுவார். இந்தப் பாட்டு வளைவதே இல்லை.

டான் வான் டிரெஸ் எழுதிய இதை 1991ல் மார்சி பிரதர்ஸ் குழு வேறு தலைப்பில் பாடினார்கள், யாரும் கண்டுகொள்ளவில்லை. 1992ல் சைரஸ் பாடியபோது மெலனி கிரீன்வுட் அமைத்த நடனமும் சேர்ந்து வந்தது. கிளப்புகளில் ஆட்டம் பற்றிக்கொண்டது. அமெரிக்காவின் கண்ட்ரி ஹிட் பட்டியலில் முதலிடம், பாப் ஹிட் பட்டியலில் நான்காமிடம். அது இருந்த ஆல்பம் 17 வாரம் முதலிடத்தை விட்டு இறங்கவில்லை. கண்ட்ரி மியூசிக் அசோசியேஷன் அந்த வருடத்தின் சிறந்த சிங்கிள் (தனியாக வெளியிடும் பாட்டு) விருதையும் கொடுத்தது.

வசவும் கூடவே வந்தது. கண்ட்ரி இசையை இடுப்பாட்டும் போட்டியாக்கிவிட்டார்கள் என்று இன்னொரு கண்ட்ரி பாடகர் டிராவிஸ் டிரிட் கடுப்படித்தார். (பின்னால் நீள முடி விட்டிருந்ததில் அவருக்கும் சைரஸுக்கும் பெரிய வித்தியாசம் கிடையாது.) அடுத்த வருடமே பிரபல பாடல்களைக் கிண்டலடித்துப் பாடும் 'வியர்டு ஆல்' யான்கோவிச் இதற்கும் கேலிப்பாட்டு போட்டார். நீங்கள் பார்த்தது பிளெண்டர் பத்திரிகையின் 2004ம் வருடப் பட்டியலாக இருக்கலாம். அதில் இதற்கு இரண்டாமிடம்.

டிரிட் சொன்னதைத்தான் என்னால் ஏற்க முடியவில்லை. கண்ட்ரி எப்போது ஆடாமல் இருந்தது? உங்கள் டெக்சஸ்காரர், பழைய கண்ட்ரி இசைக்கலைஞர் பாப் வில்ஸ் பிழைத்ததே நடனக் கூடங்களில்தான். கண்ட்ரி இசையின் தலைநகரான நாஷ்வில்லில், கிராண்ட் ஓல் ஆப்ரி என்ற புகழ்பெற்ற இசை நிகழ்ச்சியின் மேடையில்தான் டிரம்ஸ் நெடுங்காலம் ஆகாத பொருளாக இருந்தது. உட்கார்ந்து கேட்கும் கண்ட்ரி, எழுந்து ஆடும் கண்ட்ரி என்று இரண்டு எப்போதும் உண்டு. ஒன்றின் அளவுகோலால் மற்றதை அளந்தார்கள், நானும் அளந்தேன்.

அதற்காக இது மகத்தான பாட்டு என்று சொல்லமாட்டேன். ஹெட்போனில் தனியாகக் கேட்டால் இரண்டாவது நிமிடமே அலுத்துவிடும். ரேடியோவில் அன்று ஓயாமல் கேட்டவர்களின் எரிச்சலும் நியாயம்தான். ஆனால் மெக்சிகோவில் கபாயோ டொராடோ குழு பாடிய ஸ்பானிஷ் வடிவத்துக்குக் கல்யாண வீடுகளில் இன்னும் வரிசை கட்டி ஆடுகிறார்கள். அங்கே யாரும் பட்டியல் பார்ப்பதில்லை.

அப்புறம், அடுத்த விருந்தில் ஓரத்தில் நிற்காதீர்கள். நடுவரிசைக்குப் போய்விடுங்கள். எந்தப் பக்கம் திரும்பினாலும் காப்பியடிக்க முன்னால் ஒரு ஜோடிக் கால் இருக்கும்.