மகள் வீடியோ எடுக்கப் போகிறேன் என்கிறாள்

அன்புள்ள அம்மா,

பிளஸ் டூ முடித்த மகள், நம் ஊர் வாழ்க்கையை வீடியோவாக எடுப்பதே தன் தொழில் என்கிறாள், அது சோறு போடுமா என்று கேட்டிருக்கிறீர்கள். உங்கள் பயம் நியாயமானது. யூடியூபில் நீள வீடியோக்கள் மூலம் விளம்பர வருமானம் பெறுவதற்கே 1,000 சந்தாதாரர்களும், ஓராண்டுக்குள் 4,000 மணி நேரப் பார்வையும் வேண்டும். அதன்பிறகு வருவதும் மாதச் சம்பளம்போல் நிலையானதல்ல. அதனால் கல்லூரிப் படிப்பை அவள் விடவே கூடாது. விஷுவல் கம்யூனிகேஷன்தான் என்றில்லை. தமிழோ வரலாறோ சமூகவியலோ படித்தால் சொல்வதற்குச் சரக்கு இருக்கும். பாளையங்கோட்டை தூய சவேரியார் கல்லூரி, மக்களின் கதை, பாட்டு, வழக்கங்களை ஆராயும் நாட்டார் வழக்காற்றியலுக்கென்று தனித் துறையே கண்ட கல்லூரி. அங்கே ஒருமுறை விசாரித்துப் பாருங்கள்.

அவள் எடுத்த வீடியோவைப் பார்த்தேன். கோலம், குத்துவிளக்கு, பட்டுப்பாவாடை, பின்னணியில் வீணை. எல்லாம் அழகுதான், ஆனால் உங்கள் ஊர் அதில் இல்லை. நீங்கள் இருப்பது சேரன்மகாதேவியில், பக்கத்திலேயே பத்தமடை. ஆற்றங்கரைக் கோரையை மெல்லிய இழைகளாகக் கிழித்து, ஊறவைத்து, சாயமேற்றி, பருத்தி நூலைப் பாவாக நீளவாக்கில் கட்டி அங்கே பாய் நெய்கிறார்கள். கல்யாணப் பாயில் மணமக்கள் பெயரையும் நெய்து தருகிறார்கள். முதல் சில நாட்கள் கேமரா இல்லாமல் அங்கே போய் உட்காரட்டும். ஒரு பாய்க்கு என்ன கூலி, முதுகுவலிக்கு என்ன செய்கிறார்கள், மகள்கள் இந்த வேலைக்கு வருகிறார்களா என்று கேட்கட்டும். அனுமதி வாங்கிய பிறகு படம் பிடிக்கட்டும். முடித்ததை முதலில் அவர்களுக்கே போட்டுக் காட்டட்டும். நெய்கிறவர் தலையசைக்காத வீடியோவை வெளியிட வேண்டாம் என்பது என் உறுதியான கருத்து. 'ஆயிரமாண்டுப் பாரம்பரியம்' என்று ஆதாரமில்லாமல் சொல்வதும் வேண்டாம்.

காசு வாங்கிக்கொண்டு ஒரு பொருளைக் காட்டினால், அது விளம்பரம் என்று வெளிப்படையாகச் சொல்லியாக வேண்டும். விளம்பரத் தர நிர்ணயக் கவுன்சில் 2021-லேயே இதற்கு வழிகாட்டுதல் வெளியிட்டிருக்கிறது.

இப்படிப் பொறுமையாக எடுத்த நான்கைந்து வீடியோக்கள் கையில் இருந்தால், சேனல் ஓடாவிட்டாலும் தொலைக்காட்சி, சுற்றுலா, கைவினைப் பொருள் விற்பனை என்று வேலை கேட்டுப் போக இடமுண்டு.

கேமராவுக்காக நகையை அடகு வைக்கலாமா என்றும் கேட்டிருந்தீர்கள். வேண்டவே வேண்டாம், அம்மா. கையிலுள்ள செல்போனே போதும். சட்டையில் மாட்டும் சிறிய மைக் ஒன்று மட்டும் வாங்கிக் கொடுங்கள். தறிச் சத்தத்துக்கு நடுவே அவர்கள் பேசுவது தெளிவாகக் கேட்க வேண்டும்.