மேடை நாடகத்தைக் கேமராவிடம் ஒப்படைப்பது: ‘வொய்ட்செக்’கை வைத்து ஒரு பதில்

கேள்வி இது: “ஜெர்மன் செவ்வியல் நாடகம் ஒன்றைச் சினிமாவாகவோ டிவி படமாகவோ எடுக்கும்போது மேடை வாடை போக எவ்வளவு மாற்றலாம்? வசனத்தை வெட்டத்தான் வேண்டுமா?”

வசனத்தில் கை வைக்க வேண்டாம் என்பது என் கட்சி. நல்ல நாடகத்துக்குள் ஏற்கெனவே ஓர் ஓட்டம் இருக்கும். யார் பரபரக்கிறார், யார் சாவகாசமாக உட்கார்ந்திருக்கிறார், யாருக்கு மூச்சு வாங்குகிறது என்பதெல்லாம் வரிகளிலேயே கிடக்கும். அதைக் கண்டுபிடித்துக் கேமராவிடம் கொடுத்துவிட்டால், வசனம் எத்தனை பழசாக இருந்தாலும் படம் படமாகவே நிற்கும். எனக்கு இது புரிந்தது கேயோர்க் ப்யூக்னரின் ‘வொய்ட்செக்’ நாடகத்தாலும், அதை வெர்னர் ஹெர்சாக் 1979-இல் எடுத்த படத்தாலும்தான். அதனால் பெரும்பாலும் அதை வைத்தே சொல்கிறேன்.

முதலில் நாடகம். வொய்ட்செக் ஒரு ஏழைப் படைவீரன். மரீ என்ற பெண்ணோடு வாழ்கிறான். குழந்தை இருக்கிறது, கல்யாணம் செய்ய வசதி இல்லை. கூடுதல் காசுக்குக் கேப்டனுக்குச் சவரம் செய்கிறான். ஒரு டாக்டரின் சோதனைக்காகப் பட்டாணியை மட்டுமே தின்று உயிர் வாழ்கிறான், அதற்கும் காசு. சம்பாதித்ததை எல்லாம் மரீயிடம் கொடுத்துவிட்டு அடுத்த வேலைக்கு ஓடுகிறான். காதில் குரல்கள் கேட்க ஆரம்பிக்கின்றன. மரீக்குப் படை வாத்தியக் குழுவின் தலைவனான டிரம் மேஜர் ஒருவனோடு பழக்கம் ஏற்படுகிறது. கடைசியில் வொய்ட்செக் குளக்கரையில் அவளைக் குத்திக் கொல்கிறான்.

இது ஓர் உண்மை வழக்கிலிருந்து வந்தது. யோஹான் கிறிஸ்டியான் வொய்ட்செக் என்பவன் 1821-இல் லைப்சிக் நகரில் ஒரு பெண்ணைக் கொன்றான். அவன் புத்தி தெளிவாக இருந்தானா என்று பரிசோதித்த மருத்துவர், செய்ததற்கு அவனே பொறுப்பு என்று அறிக்கை கொடுத்தார். 1824 ஆகஸ்ட் 27 அன்று ஊர்ச் சந்தைச் சதுக்கத்தில், கூட்டத்துக்கு முன்னால் தலை வெட்டப்பட்டது. நான் லைப்சிக்கில் இருந்த நான்கு வருஷமும் அந்தச் சதுக்கத்தைத் தாண்டித்தான் வேலைக்குப் போவேன். டிசம்பரில் அங்கே கிறிஸ்துமஸ் சந்தை போடுவார்கள். வறுத்த பாதாம் வாசனையும் பிள்ளைகளின் சத்தமுமாக இருக்கும். இந்த இடத்தில்தான் என்று தெரிந்த பிறகு எனக்கு அங்கே நின்று எதையும் சாப்பிட மனம் வந்ததில்லை.

ப்யூக்னர் 1837-இல் சூரிச்சில் டைபஸ் காய்ச்சலில் இறந்தபோது வயது 23. நாடகம் முடிந்திருக்கவில்லை. கையெழுத்துப் படிகள் வெவ்வேறு நிலைகளில் கிடந்தன. காட்சிகளுக்கு உறுதியான வரிசை கிடையாது. நாற்பது வருஷம் கழித்து கார்ல் எமீல் ஃப்ரான்சோஸ் மங்கிப்போன மையின் மேல் ரசாயனம் தடவிப் படித்து அச்சுக்குக் கொண்டுவந்தார். பெயரைத் தவறாகப் படித்ததால் ‘வோட்செக்’ என்று ஆனது. ஆல்பன் பெர்கின் ஆப்பெரா இன்றும் அந்தப் பெயரில்தான் இருக்கிறது. ப்யூக்னரின் நாடகம் முதலில் மேடை ஏறியது 1913-இல், ம்யூனிக்கில். எழுதி முக்கால் நூற்றாண்டுக்கு மேல் ஆகியிருந்தது.

இதைச் சொல்ல ஒரு காரணம் இருக்கிறது. ஹெர்சாக் படத்தை நான் முதல்முறை பார்த்தது மடியில் ரெக்லாம் பதிப்பகத்தின் சின்ன மஞ்சள் புத்தகத்தை வைத்துக்கொண்டு. என் ஜெர்மன் அப்போது போதாது, புத்தகத்தில் விரலை ஓட்டிக்கொண்டே பார்க்கலாம் என்று நினைத்தேன். பத்து நிமிடத்தில் விரல் தடுமாறிவிட்டது. படத்தில் ஒரு காட்சி வருகிறது, புத்தகத்தில் அது நான்கு பக்கம் தள்ளி இருக்கிறது. நூலகத்தில் வேறு பதிப்பை எடுத்துப் பார்த்தால் அதில் இன்னொரு வரிசை. இந்த நாடகத்தை மேடையேற்றுபவரும் சரி, படமாக்குபவரும் சரி, வரிசையைத் தாங்களே முடிவு செய்தாக வேண்டும். ஒரு காட்சிக்கும் அடுத்த காட்சிக்கும் நடுவில் பாலம் இல்லை, வெட்டு மட்டும்தான். சினிமா பிறப்பதற்கு அறுபது வருஷம் முன்பே அப்படி எழுதியிருக்கிறான் ஒரு 23 வயதுப் பையன்! அந்த இடைவெளிகளை நிரப்பப் பார்ப்பவர்கள்தான் இந்த நாடகத்தைக் கெடுக்கிறார்கள்.

சரி, இதில் ஓட்டம் எது?

சவரக் காட்சியில் கேப்டன் சொல்லும் முதல் வார்த்தையே “மெதுவா, வொய்ட்செக், மெதுவா” என்பதுதான். நீ சீக்கிரம் முடித்துவிட்டால் மிச்சமாகும் பத்து நிமிடத்தை நான் என்ன செய்வது என்று கேட்கிறார். வேலை இல்லாதவருக்குக் காலம் பயமாக இருக்கிறது; வேலைமேல் வேலை பார்ப்பவனுக்குக் காலமே இல்லை. பின்னால் ஒரு காட்சியில் அதே கேப்டன், இவன் திறந்த சவரக்கத்தி மாதிரி உலகத்துக்குள் ஓடுகிறான், பக்கத்தில் போனால் வெட்டிக்கொள்வோம் என்கிறார். நாடகம் முழுக்க ஒருவன் ஓடுகிறான், மற்றவர்கள் அவனை நிற்கச் சொல்கிறார்கள்.

ஹெர்சாக் இதைத்தான் பிடித்தார். படம் டெல்ச் என்ற பழைய செக் ஊரின் அமைதியோடு தொடங்குகிறது. அப்புறம் வொய்ட்செக்காக நடிக்கும் க்ளவுஸ் கின்ஸ்கி ஓடிவருகிறார், இயல்பை மீறிய வேகத்தில், பொம்மைபோல. துப்பாக்கியோடு டிரில், தரையில் தண்டால், மேலே ஒரு பூட்ஸ் கால். ஒரு வசனம் கிடையாது. கொலைக் காட்சியில் இதற்கு நேர்மாறு: படம் மெதுவாகிவிடுகிறது. கேமரா பெரும்பாலும் கின்ஸ்கியின் முகத்தையே பார்த்துக்கொண்டிருக்கிறது. கத்தி போகும் இடத்தை அது துரத்துவதில்லை. பின்னணியில் பழைய இத்தாலிய இசை. வாழ்நாள் முழுக்க “மெதுவா, மெதுவா” என்று கேட்டவன் கடைசியில் மெதுவாவது இந்த ஒரு செயலில்தான். இரண்டு வேகங்கள், அவ்வளவுதான் அவர் சேர்த்தது. நடுவில் உள்ள காட்சிகளில் கேமரா அசையாமல் நிற்கிறது, ப்யூக்னரின் வரிகள் பெரும்பாலும் அப்படியே பேசப்படுகின்றன, பல காட்சிகள் ஒரே ஷாட்டில் முடிகின்றன. தன் முந்தைய படமான ‘நோஸ்ஃபெராட்டு’வின் படப்பிடிப்பு முடிந்து ஐந்தே நாளில், களைத்துப்போன அதே குழுவோடு தொடங்கி 18 நாளில் எடுத்தார். எடிட்டிங்குக்கு நான்கு நாள். மரீயாக நடித்த ஈவா மாட்டெஸுக்குக் கான் விழாவில் சிறந்த துணை நடிகை விருது கிடைத்தது. எனக்கு அந்த விருது கின்ஸ்கியைப் பற்றிய பேச்சை எல்லாம் தாண்டி நியாயமாகப் படுகிறது. அவர் ஓடுவதை நாம் உணர்வதே இந்தப் பெண் ஓரிடத்தில் நிலையாக நிற்பதால்தான்.

ஒரே ஷாட் ஏன் உதவுகிறது என்பதை நான் கையால் செய்து பார்த்துக் கற்றுக்கொண்டேன். பெரியவர்களுக்கான மாலை வகுப்பு ஒன்றில் இந்தச் சவரக் காட்சியைச் செல்போனில் எடுத்தோம். நான் வொய்ட்செக், முதல் பாதி முழுக்க “யாவோல், ஹெர் ஹௌப்ட்மான்” (ஆமாம், கேப்டன்) என்று ஆமோதித்தால் போதும். பணி ஓய்வு பெற்ற ஒரு பெரியவர் கேப்டன். முதலில் அவர் முகம், என் முகம், அவர் முகம் என்று மாற்றி மாற்றி எடுத்து வெட்டி ஒட்டினோம். டிவி சீரியல் சண்டை மாதிரி இருந்தது. இரண்டாவது நாள் போனைப் புத்தக அடுக்கின் மேல் சாய்த்து வைத்துவிட்டு, காட்சி முழுவதையும் நிறுத்தாமல் நடித்தோம். நிஜமான சோப்பு நுரை, முனை மழுங்கிய சவரக்கத்தி. பெரியவர் ஒழுக்கத்தைப் பற்றி உபதேசம் செய்யும்போது தலையைத் திருப்ப முடியவில்லை, கத்தி தொண்டையில் இருக்கிறதே. கண்மணி மட்டும் என் பக்கம் ஓடி ஓடித் திரும்பியது. தாடையில் இருந்த நுரை அவர் பேசப் பேச மெல்ல வழிந்து காலரில் இறங்கியது. எஜமானின் கழுத்து வேலைக்காரன் கையில் இருக்கிறது. அந்த வேலைக்காரனுக்கு அது தோன்றவே இல்லை. கத்தி, கழுத்து, இரண்டு முகம் எல்லாம் ஒரே ஃப்ரேமில் இருந்தால்தான் இது தெரியும். வெட்டினால் போய்விடுகிறது.

அந்தக் காட்சியில்தான் அவன் வாய் திறந்து சொல்கிறான்: எங்களைப் போன்றவர்களுக்கு இந்த உலகத்திலும் சுகமில்லை, மறு உலகத்திலும் இல்லை, சொர்க்கத்துக்குப் போனாலும் அங்கே இடி இடிக்க நாங்கள்தான் ஒத்தாசை செய்ய வேண்டியிருக்கும். இந்த வரியைச் சொல்லி முடித்ததும் எனக்குத் தொண்டை அடைத்துவிட்டது. பழைய வசனம் என்று இதை வெட்ட யாருக்குக் கை வரும்?

வேறு வழிகளும் இருக்கின்றன. 1947-இல் டெஃபா என்ற கிழக்கு ஜெர்மன் திரைப்பட நிறுவனத்துக்காக கியோர்க் க்ளாரன் எடுத்த படத்தில் ப்யூக்னரே ஒரு பாத்திரமாக வந்து, பிணத்தை அறுத்துப் பார்க்கும் கூடத்தில் இந்தக் கதையைச் சொல்கிறார். போர் முடிந்த கையோடு, கீழ்ப்படிதல் ஒரு மனிதனை என்ன செய்யும் என்று விளக்கியே ஆக வேண்டிய காலம் அது, புரிகிறது. ஆனால் விளக்கம் வந்ததும் இடைவெளிகள் மூடிக்கொள்கின்றன. 2013-இல் நூரான் டேவிட் காலிஸ் டிவிக்காக எடுத்தபோது கதையை இன்றைய பெர்லினின் வெட்டிங் பகுதிக்குக் கொண்டுபோனார், டாம் ஷில்லிங் நடித்தார். டிவி பார்வையாளருக்குப் பக்கத்துத் தெருவில் நடப்பதுபோல் இருக்க வேண்டும் என்ற எண்ணத்தை மதிக்கிறேன். இடத்தை மாற்றுவது தப்பே இல்லை, அவன் ஓட்டத்துக்கு அங்கே ஒரு காரணம் கிடைக்கும்வரை.

முழுக்க எதிர்த்திசையில் போன ஒன்றையும் பாருங்கள்: கோத்தேயின் நாடகத்தை வைத்து 1960-இல் பேட்டர் கோர்ஸ்கி எடுத்த ‘ஃபாஸ்ட்’. ஹாம்பர்க்கில் குஸ்தாஃப் க்ரூண்ட்கென்ஸ் மேடையேற்றிய நாடகத்தையே படமாக்கியது. மேடை மேடையாகவே இருக்கிறது. ஆனால் வெள்ளை பூசிய முகத்தோடு சாத்தான் மெஃபிஸ்டோ புருவத்தை உயர்த்துவது, கடைசி வரிசையில் டிக்கெட் எடுத்தவருக்குக் கிடைத்திருக்காத நெருக்கத்தில் நமக்குக் கிடைக்கிறது. மேடை வாடை அடித்தால் அடிக்கட்டும் என்று விட்டதே அதன் பலம்.

நடைமுறையாக ஒன்று: உரிமை. ப்யூக்னரை யாரும் தாராளமாக எடுக்கலாம். பெர்டோல்ட் ப்ரெக்ட் போன்ற இருபதாம் நூற்றாண்டு நாடகாசிரியர்கள் பக்கம் போவதாக இருந்தால் முதலில் அனுமதி. ஜெர்மன் சட்டப்படி ஆசிரியர் இறந்து 70 ஆண்டுவரை உரிமை உண்டு. ப்ரெக்ட் இறந்தது 1956, அதனால் 2026 முடியும்வரை. ‘மூன்று காசு ஆப்பெரா’ படமானபோது தன் நாடகத்தைத் தானே மாற்ற நினைத்த ப்ரெக்டுக்கும் தயாரிப்பாளருக்கும் ஒத்துவராமல் 1930-இல் வழக்கே நடந்து, ப்ரெக்ட் தோற்றார்.

நீங்கள் எந்த நாடகத்தை எடுக்கப்போகிறீர்கள் என்று எழுதவில்லை. எதுவானாலும் திரைக்கதை எழுதும் முன் மூலத்தை ஒரு பென்சிலோடு படியுங்கள். யார் எங்கே ஓடுகிறார், யார் அவரை நிறுத்துகிறார் என்ற இடங்களில் மட்டும் கோடு போடுங்கள். கேமரா அசைய வேண்டிய இடங்கள் அவைதான். மற்றப் பக்கங்களில் அதைப் புத்தக அடுக்கின் மேல் சாய்த்து வைத்துவிட்டு நடிகர்களைப் பேச விடுங்கள்.