சென்னையின் வாழ்வையும் நினைவையும் பிடித்துவைத்த புத்தகங்கள் எவை?

முதலில் படிக்க ஒன்றே ஒன்று கேட்டால், அசோகமித்திரனின் 'தண்ணீர்' என்பேன். சிறிய நாவல், இரண்டு மாலைகளில் முடித்துவிடலாம். சினிமாவில் சின்னச் சின்ன வேடங்களில் நடிக்கும் ஜமுனா, அவள் தங்கை சாயா, அதே தெருவில் வசிக்கும் டீச்சரம்மா. கதை இவர்களைச் சுற்றியதுதான். ஆனால் பக்கம் பக்கமாக நடப்பது என்னவோ குடத்தைத் தூக்கிக்கொண்டு ஒவ்வொரு வீட்டுக் குழாயாகத் தேடிப் போவது. தோண்டிப் போட்ட சாலை, குடிநீரோடு கலந்துவிட்ட சாக்கடை, அதைப் பற்றித் தெருவில் எழும் பேச்சு, எல்லாம் அதில் அப்படியே இருக்கிறது. 2019 கோடையில் செம்பரம்பாக்கம் ஏரி வறண்டு, லாரிக்காகப் பிளாஸ்டிக் குடங்கள் வரிசையில் நின்றபோது இதை மறுபடி எடுத்துப் படித்தேன். 1970-களில் வந்த புத்தகம் என்றே தோன்றவில்லை. நகரம் மனிதர்களை எப்படி இறுக்குகிறது என்பதை இவ்வளவு தாழ்ந்த குரலில் சொன்னவர் தமிழில் வேறு யாருமில்லை என்பது என் உறுதியான எண்ணம்.

அடுத்து அவருடைய 'கரைந்த நிழல்கள்'. ஜெமினி ஸ்டுடியோவில் வேலை பார்த்தவர் அவர். அதனால் இதில் வருவது நட்சத்திரங்களின் கோடம்பாக்கம் அல்ல. புரொடக்‌ஷன் மேனேஜரும் உதவி இயக்குநரும் சாப்பாட்டுக்கும் வாடகைக்கும் அல்லாடும் கோடம்பாக்கம்.

தெருப்பெயர், பழைய கட்டடம், வரலாறு என்று தேடுபவர்களுக்கு எஸ். முத்தையாவின் சென்னை பற்றிய புத்தகங்கள். ஆனாலும் 'தண்ணீர்' முடித்துவிட்டு அங்கே போங்கள்.