கேள்வி – பதில்: ரூலெட் மேசைக்காரர்

கேள்வி: 'கஸாபிளாங்கா' (1942) என்ற ஹாலிவுட் படம் பார்த்தேன். "இங்கே சூதாட்டமா!" என்று போலீஸ் கேப்டன் அதிர்ச்சி காட்டி விடுதியை இழுத்து மூடுகிற நேரத்தில், "நீங்கள் ஜெயித்த பணம், ஐயா" என்று நோட்டை நீட்டுகிறாரே ஒரு ஊழியர், யார் அவர்? டைட்டிலில் தேடிவிட்டேன், பெயர் இல்லை.

பதில்: எப்படி இருக்கும்? போட்டால்தானே! அவர் மார்செல் தாலியோ. பாரிஸில் ருமேனிய யூதக் குடும்பத்தில் 1899-ல் பிறந்தவர். அந்த ஒரு காட்சியோடு விட்டுவிடாதீர்கள், இன்னொரு தடவை போட்டுப் பாருங்கள். தாலியோ நடத்தும் ரூலெட் மேசையில் (எண் போட்ட சக்கரத்தில் பந்தைச் சுழலவிடும் சூதாட்டம்), கையில் காசில்லாமல் தவிக்கும் பல்கேரியப் பையனிடம் விடுதி முதலாளி ரிக் "22-ல் வைத்துப் பார்த்தாயா?" என்கிறார். பந்து 22-ல் விழுகிறது. "அப்படியே இருக்கட்டும்" என்கிறார். மறுபடியும் 22! கொஞ்ச நேரம் கழித்து "இன்று வரவு எப்படி?" என்று ரிக் கேட்கும்போது, தாலியோ முகத்தில் சலனமே இல்லாமல் சொல்லும் பதில்: நினைத்ததைவிட இரண்டாயிரம் குறைவு. முதலாளிதான் வேண்டுமென்றே தோற்றார் என்று தெரிந்த ஊழியனின் விசுவாசமும் எரிச்சலும் அந்த ஒரே வரியில் இருக்கும். இதற்குப் பெயர் போடாதவர்களை என்ன சொல்ல?

கேள்வி: கதாநாயகனாகத் தேறாதவர்கள்தானே கடைசியில் குணச்சித்திர நடிகர் ஆகிறார்கள்?

பதில்: உங்கள் கேள்விக்கும் தாலியோவே பதில். ஹாலிவுட்டில் பெயரில்லாமல் நிற்பதற்கு மூன்றே வருடம் முன்னால், 1939-ல், ழான் ரெனுவார் இயக்கிய 'விளையாட்டின் விதிகள்' படத்தில் அவர் மாளிகைக்குச் சொந்தக்காரரான பிரபு. அதற்கு முன் 1937-ல் அதே ரெனுவாரின் 'மாபெரும் மாயை'யில் ரோசந்தால் என்ற போர்க்கைதி. வீட்டிலிருந்து வரும் உணவுப் பொட்டலங்களைச் சக கைதிகளோடு பங்குபோட்டுக்கொள்ளும் பணக்கார யூத இளைஞன். கூட நடித்தவர் அன்றைய பிரான்ஸின் உச்ச நட்சத்திரம் ழான் காபேன். அவருக்குப் பக்கத்தில் நின்றும் தாலியோ மங்கவில்லை.

பிரபு வேடத்துக்கு வருகிறேன். குட்டையான, பெரிய கண்கள் கொண்ட ஒரு யூத நடிகரைப் பிரெஞ்சுப் பிரபுவாகப் போட்டது அன்று பலருக்குக் கடுப்பு. ரெனுவாருக்கும் அது தெரியும், படத்துக்குள்ளேயே வைத்துவிட்டார். சமையலறையில் வேலைக்காரர்கள் சாப்பிட்டுக்கொண்டே பிரபுவின் தாய்வழி யூத வம்சத்தைப் பற்றி வம்பளக்கிறார்கள். தலைமைச் சமையல்காரர் குறுக்கிடுகிறார்: பிரபு தன்னைக் கூப்பிட்டு உருளைக்கிழங்கு சாலட்டுக்காகத் திட்டினாராம். கிழங்கு கொதிக்கக் கொதிக்க இருக்கும்போதே வெள்ளை ஒயினை ஊற்றியிருக்க வேண்டும், ஆறவிட்டு ஊற்றியதை நாக்கு கண்டுபிடித்துவிட்டது. அவரைப் பொறுத்தவரை பிரபு என்றால் அப்படித்தான் இருக்க வேண்டும். வம்சம் யாருக்கு வேண்டும்?

அதே படத்தில் இன்னொன்று. பொம்மைகளும் இசைக்கருவிகளும் சேகரிக்கும் அந்தப் பிரபு, புதிதாக வாங்கிய பிரம்மாண்டமான இயந்திர ஆர்கனை விருந்தாளிகளுக்குத் திறந்து காட்டுவார். கேமரா கருவியின் மேல் ஊர்ந்து வந்து அவர் முகத்தில் நிற்கும். வேர்வை, பெருமை, "உங்களுக்குப் பிடித்திருக்கிறதா?" என்ற கூச்சம், எல்லாம் ஒன்றாக. வசனம் கிடையாது. இதை எடுக்க இரண்டு நாள் ஆனது. தன் வாழ்நாளின் சிறந்த ஷாட் இதுதான் என்று ரெனுவாரே சொல்லியிருக்கிறார். தேறாதவருக்கு அப்படி ஒரு ஷாட் வைப்பார்களா?

கேள்வி: பிறகு ஏன் அமெரிக்கா போனார்?

பதில்: போகவில்லை, துரத்தப்பட்டார். 1940 ஜூனில் ஜெர்மானியர் பாரிஸுக்குள் நுழையும் சமயத்தில் மனைவி மதலேன் லெபோவுடன் கிளம்பி லிஸ்பன் போய்ச் சேர்ந்தார். கையிலிருந்த சிலி நாட்டு விசாக்கள் போலி என்பது மெக்சிகோவில் கரையிறங்கப் பார்த்தபோதுதான் தெரிந்தது. கனடாவின் தற்காலிகப் பாஸ்போர்ட் கிடைத்து, ஒரு வழியாக ஹாலிவுட். இதற்கிடையில் பாரிஸில் அவருடைய புகைப்படத்தையே "யூதன் இப்படித்தான் இருப்பான்" என்று போஸ்டர் அடித்து ஒட்டினார்கள் நாஜிகள். நடிகனுடைய முகத்துக்கு இதைவிடக் கேவலமான விளம்பரம் கிடையாது. அங்கேயே இருந்துவிட்ட குடும்பத்தார் வதைமுகாம்களில் மடிந்தார்கள்.

கேள்வி: அவருடைய மனைவியும் நடிகையா?

பதில்: நீங்கள் பார்த்த அதே படத்தில்தான் இருக்கிறார்! விடுதியில் எல்லோரும் எழுந்து பிரெஞ்சு தேசிய கீதம் பாடும்போது கண்ணீரோடு பாடுகிற பெண், இவோன். அவருக்கு டைட்டிலில் பெயர் உண்டு, கணவருக்கு இல்லை. படப்பிடிப்பு நடந்த 1942-லேயே தாலியோ விவாகரத்துக்கு மனுப் போட்டார். காரணத்தை நாம் கிளற வேண்டாம். லெபோ 2016 வரை வாழ்ந்தார்.

கேள்வி: போர் முடிந்த பிறகு தாலியோவுக்குப் பழைய இடம் கிடைத்ததா?

பதில்: பிரபு வேடம் கிடைத்தது, ஆனால் சின்னதாக. 'சப்ரினா'வில் (1954) பாரிஸ் சமையல் வகுப்பில் ஆட்ரி ஹெப்பர்னுக்குப் பக்கத்தில் நிற்கும் கிழவர் அவர்தான். காதலில் சந்தோஷமாக இருப்பவள் பண்டத்தைக் கருகவிடுவாள், வருத்தத்தில் இருப்பவள் அடுப்பையே மூட்ட மறந்துவிடுவாள் என்று கண்டுபிடித்துச் சொல்வாரே! சாலட் பிரபு அங்கே வேலைக்குச் சேர்ந்துவிட்டார் என்று வைத்துக்கொள்ளலாம். ஜான் ஃபோர்டின் 'டோனவன்ஸ் ரீஃப்'பில் (1963) கூரை ஒழுகும் தேவாலயத்தின் பாதிரியார். நடுவே பிரான்ஸிலும் அமெரிக்காவிலும் மாறி மாறி மாஜிஸ்ட்ரேட், ஹோட்டல்காரர், இன்னும் என்னென்னவோ. சிலவற்றைப் பார்க்காவிட்டாலும் குடிமுழுகிவிடாது. 1973-ல் பிரான்ஸே வயிறு வலிக்கச் சிரித்த 'ரபி ஜாக்கோபின் சாகசங்கள்' வந்தது. அதில் நிஜமான ரபி (யூத மதகுரு) ஜாக்கோப் யார்? போஸ்டரில் ஒட்டப்பட்ட அதே முகம், இந்தத் தடவை தாடியும் தொப்பியுமாக. 1983-ல் பாரிஸில் காலமானார்.

கேள்வி: 'கஸாபிளாங்கா'வில் இப்படி ஓடிவந்தவர்கள் வேறு யாராவது?

பதில்: பாதிப் பேர். நாஜி மேஜராக வரும் கான்ராட் வைட், யூத மனைவியோடு நாஜி ஜெர்மனியை விட்டு வெளியேறியவர். பீட்டர் லோரே 1933-ல் கிளம்பியவர். ஆரம்பத்தில் "எங்கே பார்த்தாலும் கழுகுகள், ஜாக்கிரதை" என்று எச்சரித்துக்கொண்டே பர்ஸ் அடிக்கும் ஆசாமி கர்ட் போய்ஸ், பெர்லினில் குழந்தை நட்சத்திரமாகத் தொடங்கியவர். அவரை 1987-ல் வந்த 'விங்ஸ் ஆஃப் டிசயர்' படத்தில் முதியவராகப் பார்க்கலாம். அவரைப் பற்றித் தனியாகக் கேளுங்கள், அடுத்த இதழில் எழுதுகிறேன்.