வட்டியை விடுங்கள், அசல் எங்கே?

கேள்வி: எந்தக் காலத்திலோ கொள்ளுத்தாத்தா அடிமைகளை வைத்திருந்தார் என்பதற்காக இன்றைக்கு வெள்ளைக்காரப் பேரப்பிள்ளைகள் கிளம்பிப் போய் மன்னிப்புக் கேட்கிறார்களே, நாடகம்தானே இது?
(வாசகர், தூத்துக்குடி)

பதில்: நானும் அப்படித்தான் நினைத்துக்கொண்டிருந்தேன், கிளாட்ஸ்டன் குடும்பத்துக் கணக்கைப் பார்க்கும்வரை. ஜான் கிளாட்ஸ்டன் லிவர்பூல் வியாபாரி. நான்கு முறை பிரிட்டிஷ் பிரதமராக இருந்த வில்லியம் கிளாட்ஸ்டனின் அப்பா. தென் அமெரிக்காவில் இருக்கும் இன்றைய கயானாவில், டெமராரா பகுதியில் இவருக்குக் கரும்புத் தோட்டங்கள் இருந்தன, ஒரு தடவைகூட அங்கே எட்டிப் பார்த்ததில்லை. 1823-இல் அங்கே அடிமைகள் கிளர்ந்தெழுந்தபோது முன்னால் நின்றவர்களில் ஒருவர் பெயர் ஜாக் கிளாட்ஸ்டன். உறவுக்காரர் என்று நினைத்துவிடாதீர்கள், ஜான் கிளாட்ஸ்டனுடைய தோட்டத்து அடிமை. பெயரைக்கூட முதலாளியுடையதாக ஒட்டிவிட்டிருக்கிறார்கள்.

1833-இல் அடிமை ஒழிப்புச் சட்டம் வந்தது. பிரிட்டன் 2 கோடி பவுண்டு நஷ்டஈடு ஒதுக்கியது, அதுவும் 'சொத்து' போச்சே என்று அழுத முதலாளிகளுக்கு! கிளாட்ஸ்டனுக்கு மட்டும் 2,508 பேருக்காக 1,06,769 பவுண்டு. சவுக்கடி பட்டவர்களுக்குக் காலணா கிடையாது. இந்த நஷ்டஈட்டுக்காக வாங்கிய கடனை பிரிட்டிஷ் அரசு அடைத்து முடித்தது 2015-இல்தான், அதாவது பிரிட்டனில் குடியேறிய, அடிமைகளின் வழிவந்த கரீபியக் குடும்பங்களும் சேர்ந்து வரி கட்டி அடைத்திருக்கிறார்கள்.

பாட்டன் செய்த பாவம் பேரனைச் சேருமா என்று பட்டிமன்றம் வைக்கலாம். பணம் சேர்ந்திருக்கிறதே, அதற்கென்ன சொல்வது? லண்டன் யுனிவர்சிட்டி காலேஜ் இந்தக் கணக்கையெல்லாம் இணையத்தில் போட்டுவிட்டது, பெயரைத் தட்டினால் தொகை வந்து நிற்கும். 2023 ஆகஸ்டில் கிளாட்ஸ்டன் வாரிசுகள் கயானா பல்கலைக்கழகத்துக்குப் போய் மன்னிப்புக் கேட்டு, ஆய்வுக்கென்று 1 லட்சம் பவுண்டு தருவதாகச் சொன்னார்கள். பதாகை பிடித்து எதிர்த்தவர்களும் இருந்தார்கள், அவர்களைக் குறை சொல்ல எனக்கு மனமில்லை. அன்றைக்கு வாங்கியது 1,06,769, கிட்டத்தட்ட 190 வருடம் கழித்துத் தந்தது 1 லட்சம். வட்டி கிடக்கட்டும், அசலே இடிக்கிறது. ஆனாலும் எழுந்து வந்து, ஆமாம், எங்கள் வீட்டு ஆள்தான் என்று சொன்னார்கள் பாருங்கள், அதை நாடகம் என்று தள்ள மாட்டேன். வாயைத் திறக்காத குடும்பங்கள்தான் அதிகம்.

கேள்வி: இதில் நமக்கு ஏதாவது சம்பந்தம் உண்டா?
(வாசகி, கும்பகோணம்)

பதில்: உண்டு, அதே கிளாட்ஸ்டன் வழியாகவே. அடிமைகள் கையை விட்டுப் போகப்போகிறார்கள் என்றதும் மனிதர் கல்கத்தா கம்பெனி ஒன்றுக்குக் கடிதம் போட்டுக் கூலிகளைக் கேட்டார். 1838 மே மாதம் ஹெஸ்பெரஸ், விட்பி என்ற இரண்டு கப்பல்களில் 396 இந்தியர்கள் கயானாவில் போய் இறங்கினார்கள். அடியும் சாவும் அங்கேயும் தொடர, ஆள் அனுப்புவது கொஞ்ச காலம் நின்றது. 1845-இல் மறுபடி தொடங்கியபோது மதராஸிலிருந்தும் கப்பல் போனது, தமிழர்கள் போனது அப்படித்தான். கயானாவில் இன்றும் மாரியம்மனுக்குப் பூசை நடக்கிறது. 2023 மன்னிப்பில் இந்தக் கூலிகளுக்குச் செய்த அநியாயத்தையும் சேர்த்தே சொல்லியிருந்தார்கள்.